மின்வெட்டுக்கு ஸ்கோர் தெரியாது

நான்கு பேர் ஓர் அணியாகச் சேர்ந்து செல்போனில் ஆடும் ஆட்டங்களை உங்களில் பலர் ஆடுகிறீர்கள். அந்த நால்வரில் மற்ற மூவர் யார் என்பதை முடிவு செய்வது யார் என்று எப்போதாவது யோசித்துப் பார்த்ததுண்டா?

தெருக் கிரிக்கெட்டில் இந்த வினாவுக்கு இடமே இல்லை. ஆவடியிலோ பூந்தமல்லியிலோ அம்பத்தூரிலோ மாலை நேரத்தில் ஒரு காலி மனை கிடைத்தால் போதும். இரண்டு கேப்டன்கள் நின்று ஒவ்வொருவராகப் பெயர் சொல்லிப் பிரித்துக் கொள்வார்கள். நன்றாகப் பந்து வீசுபவன் யார் என்பது அவர்களுக்குத் தெரியும். தான் அவுட் ஆனவுடன் 'அம்மா கூப்பிடுறாங்க' என்று சொல்லிவிட்டு நழுவுபவன் யார் என்பதும் தெரியும். இந்த இரண்டாவது ஆசாமி எவ்வளவு திறமைசாலியாக இருந்தாலும் கடைசியில்தான் எடுக்கப்படுவான். மட்டை அவனுடையதாக இருந்தால் மட்டும் விதிவிலக்கு!

இணைய ஆட்டத்தில் நிலைமை வேறு. உங்களுடன் சேர்க்கப்படும் மூவரில் ஒருவர் குவஹாத்தியில் இருக்கலாம். ஒருவர் நாக்பூரில் இருக்கலாம். அரைமணி நேரம் கழித்து அவர்களை நீங்கள் மீண்டும் சந்திக்கப் போவதில்லை. ஒருவரை ஒருவர் அறியாத இலட்சக்கணக்கானவர்களை நால்வர் நால்வராகச் சேர்த்து வைக்கும் வேலையைக் கணிப்பொறி செய்கிறது. அது ஒவ்வொருவருக்கும் இரண்டு கணக்குகளை வைத்திருக்கிறது. ஒன்று திறமைக் கணக்கு. மற்றது நடத்தைக் கணக்கு. மாணவர்கள் முதல் கணக்கைப் பற்றியே நாள் முழுவதும் பேசுகிறார்கள். இரண்டாவதில் கவனம் வேண்டும் என்பதும், அந்த இரண்டாவது கணக்கை இயந்திரம் எழுதும் முறையில் ஒரு பெரிய ஓட்டை இருக்கிறது என்பதும் என் கருத்து.

காசு கட்டி ஆடும் ஆட்டங்களை நான் இங்கே சொல்லவில்லை. அவற்றுக்கு 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றமே தடைச் சட்டம் நிறைவேற்றிவிட்டது. ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம் ஆடலாம் என்பதும் என் பொருள் அல்ல. அது உங்களுக்கும் உங்கள் வீட்டாருக்கும் இடையே உள்ள வழக்கு.

திறமைக் கணக்கை முதலில் பார்த்துவிடுவோம். இதன் தந்தை ஓர் இயற்பியல் பேராசிரியர் என்பதில் எனக்குச் சற்றுப் பெருமை உண்டு. ஆர்பாட் ஈலோ என்பது அவர் பெயர். ஹங்கேரியில் பிறந்து அமெரிக்காவில் வளர்ந்தவர். மில்வாக்கி நகரத்து மார்க்வெட் பல்கலைக்கழகத்தில் இயற்பியல் கற்பித்தவர். நல்ல சதுரங்க ஆட்டக்காரர். அவர் வகுத்த முறையை அமெரிக்கச் சதுரங்கக் கூட்டமைப்பு 1960இலும், உலகச் சதுரங்கக் கூட்டமைப்பு 1970இலும் ஏற்றுக் கொண்டன. இருவருக்கும் இடையே 200 புள்ளி வேறுபாடு இருந்தால், நூறு ஆட்டங்களில் வலியவர் ஏறத்தாழ 76 புள்ளிகள் எடுப்பார் என்று இம்முறை எதிர்பார்க்கிறது. அதாவது எளியவருக்கும் 24 உண்டு! எதிர்பார்த்ததைவிடக் கூடுதலாக எடுத்தால் மதிப்பு ஏறும். குறைவாக எடுத்தால் இறங்கும். தோல்வி என்பது இங்கே குற்றம் அல்ல; அது ஓர் அளவீடு.

நம் பகுதியிலிருந்தே இதற்கு ஒரு சான்று தரலாம். மேல் அயனம்பாக்கம் வேலம்மாள் பள்ளியில் படித்த குகேஷும், பாடியைச் சேர்ந்த பிரக்ஞானந்தாவும் 2022இல் மாமல்லபுரத்தில் நடந்த 44ஆவது ஒலிம்பியாடில் இந்தியாவின் இரண்டாவது அணிக்கு ஆடினார்கள். குகேஷ் முதல் எட்டு ஆட்டங்களையும் வென்றார். ஆனால் பத்தாவது சுற்றில், அணிக்கு மிக வேண்டியிருந்த வேளையில், உஸ்பெகிஸ்தானின் அப்துசத்தாரோவிடம் தோற்றுவிட்டார். பிரக்ஞானந்தா வென்றதால் அந்தச் சுற்று 2-2 என்று முடிந்தது. அணிக்கு வெண்கலம் கிடைத்தது. அந்தத் தோல்வியால் குகேஷின் பெயர் கெட்டதா? முதல் பலகைக்கான தங்கப் பதக்கம் அவருக்கே கிடைத்தது. 2024 டிசம்பரில் அவர் உலகச் சாம்பியன் ஆனார்.

ஆக, தோற்பதனால் பெயர் கெடுவதில்லை. பின் எதனால் கெடுகிறது? தெருவில் மட்டையோடு நழுவிய அந்த ஆசாமியை நினைத்துக் கொள்ளுங்கள். பாதியில் போய்விடுவதனால் கெடுகிறது. நால்வர் அணியில் ஒருவர் போனால் மற்ற மூவரின் அரைமணி நேரமும் அவரோடு போகிறது. ஆகவேதான் ஆட்ட நிறுவனங்கள் இதற்குத் தண்டனை வைத்திருக்கின்றன. 'பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா' ஆட்டத்தில் 'மெரிட்' என்றொரு மதிப்பு உண்டு. கூட்டாளிகளைச் சுட்டாலோ விட்டுவிட்டுப் போனாலோ அது குறையும். மிகவும் குறைந்தால் அணியில் சேர முடியாது. 'டோட்டா 2' ஆட்டத்தில் நடத்தை மதிப்பு குறைந்தவர்களுக்குச் சில வசதிகள் பறிக்கப்படும்.

இப்படிக் கணக்கு வைப்பது சரிதானா? சரிதான் என்று அறிவியல் சொல்கிறது. 1998இல் மார்ட்டின் நோவாக், கார்ல் சிக்மண்டு என்ற இரு ஆஸ்திரிய அறிஞர்கள் ஓர் எளிய கணித மாதிரியை வெளியிட்டார்கள். முன்பின் அறியாதவர்கள், ஒருமுறைக்கு மேல் சந்திக்காதவர்கள், ஒருவருக்கொருவர் உதவுவது எப்படிச் சாத்தியம் என்பது அவர்களுடைய வினா. ஒவ்வொருவருக்கும் ஒரு மதிப்பெண் இருக்கிறது. உதவினால் ஒன்று கூடும். மறுத்தால் ஒன்று குறையும். அடுத்து வருபவர் அந்த மதிப்பெண்ணைப் பார்த்துவிட்டு உதவலாமா என்று முடிவு செய்கிறார். இதில் உதவும் பழக்கம் நிலைத்திருக்க வேண்டுமானால், ஒருவரின் மதிப்பெண் மற்றவருக்குத் தெரிந்திருக்கும் வாய்ப்பு ஒரு குறிப்பிட்ட எல்லையைத் தாண்ட வேண்டும். உதவியின் செலவை அதன் பயனால் வகுத்தால் வருவதே அந்த எல்லை.

ஓர் எடுத்துக்காட்டு. அடிபட்டுக் கிடக்கும் கூட்டாளிக்கு உங்கள் மருந்துப் பெட்டியைக் கொடுக்கிறீர்கள். உங்களுக்கு இழப்பு 1 பங்கு. அவருக்குப் பயன் 4 பங்கு என்று வைத்துக் கொள்வோம். நூற்றுக்கு 25 பேருக்கு மேல் உங்கள் பழைய நடத்தையை அறிந்திருந்தால் போதும்; உதவும் பழக்கம் அந்தக் கூட்டத்தில் பிழைத்துக் கொள்ளும். அதற்குக் கீழே போனால் சுயநலக்காரர்கள் மெல்ல மெல்ல நிறைந்து விடுவார்கள். இது தாளில் எழுதிய கணக்கு மட்டுமல்ல. 2000ஆம் ஆண்டில் வெடகிண்டு, மிலின்ஸ்கி என்ற இருவர் சுவிஸ் மாணவர்களைக் கொண்டு இதைச் சோதித்தார்கள். முன்பு தாராளமாகக் கொடுத்தவர்களுக்கே, அவர்களிடம் எதுவும் பெற்றிராத பிறரும் கூடுதலாகக் கொடுத்தார்கள்.

இனி அந்த ஓட்டைக்கு வருவோம். இந்த மதிப்பெண் முறை செயலை மட்டும் பார்க்கிறது, காரணத்தைப் பார்ப்பதில்லை. கெட்டவனுக்கு உதவ மறுத்தவனும், நல்லவனுக்கு உதவ மறுத்தவனும் அதன் கண்ணில் ஒன்றே. 2001இல் லெய்மர், ஹாமர்ஸ்டீன் என்ற ஆய்வாளர்கள் இந்தக் குறையைச் சுட்டிக் காட்டினார்கள். மறுத்ததற்கு நியாயம் இருந்ததா என்று பார்க்கும் முறையே உறுதியாக நிலைக்கிறது என்பது அவர்கள் முடிவு.

ஆட்டத்தில் இதன் பொருள் என்ன? ஆட்டத்தை விட்டு ஓடியவனும், இணைப்பு அறுந்தவனும் கணிப்பொறிக்கு ஒன்றே. இரண்டிலும் அது காண்பது ஒரு மௌனத்தைத்தான்.

உலகமே பார்க்க இது ஒருமுறை நடந்தது. 2020இல் கொரோனாத் தொற்று காரணமாகச் சதுரங்க ஒலிம்பியாட் இணையத்தில் நடைபெற்றது. 160க்கும் மேற்பட்ட நாடுகள் கலந்து கொண்டன. ஓர் அணிக்கு ஆறு பலகைகள். ஆண்கள், பெண்கள், இளையோர் எல்லோரும் உண்டு. விஸ்வநாதன் ஆனந்த், பிரக்ஞானந்தா, அவருடைய அக்கா வைஷாலி ஆகியோர் இந்திய அணியில் இருந்தார்கள். ஆகஸ்டு 28ஆம் நாள் காலிறுதி ஆட்டத்தில் ஆர்மீனிய வீரர் ஒருவரின் இணைப்பு அறுந்து, ஆட்டம் நிஹால் சரினுக்குச் சாதகமாக முடிந்தது. ஆர்மீனியா முறையிட்டது, முறையீடு ஏற்கப்படவில்லை, அந்த அணி மேற்கொண்டு ஆட மறுத்து வெளியேறியது. இரண்டு நாள் கழித்து இறுதிப் போட்டி, ரஷ்யாவுடன். முதல் சுற்று 3-3. இரண்டாம் சுற்றில், அதே நிஹால் சரினுக்கும் திவ்யா தேஷ்முக்கிற்கும் ஆட்டத்தின் நடுவே இணைப்பு அறுந்தது! அன்று உலகின் பல நாடுகளில் இணையச் சேவை தடைப்பட்டிருந்தது. இருவருடைய கடிகாரமும் ஓடி முடிந்தது. இயந்திரத்தின் தீர்ப்பு: ரஷ்யா வெற்றி. இந்தியா முறையிட்டது. உலகக் கூட்டமைப்பின் தலைவர் துவர்கோவிச் இரு நாடுகளுக்கும் தங்கம் என்று அறிவித்தார்.

ஆர்மீனியருக்கு ஒரு நீதி, நமக்கு ஒரு நீதியா என்று கேட்டவர்கள் உண்டு. அது நியாயமான கேள்விதான். ஆயினும் எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது வேறு. அறுந்த இணைப்புக்குக் காரணம் என்ன என்பதை அன்று மனிதர்கள் உட்கார்ந்து விசாரித்தார்கள். திருமுல்லைவாயலில் இருந்து இரவு எட்டு மணிக்கு ஆடும் ஒன்பதாம் வகுப்பு மாணவிக்கு எந்தக் குழு உட்காரும்?

நம் பகுதியின் நிலைமை உங்களுக்குத் தெரிந்ததே. ஐப்பசி மழை பிடித்தால் மின்சாரம் எப்போது போகும் என்று சொல்ல முடியாது. வீட்டில் ஒரே செல்போன், அதுவும் அம்மாவுடையது. ஆட்டம் சூடுபிடிக்கும் வேளையில்தான் பெரியம்மா ஊரிலிருந்து அழைப்பார். எரிவாயு உருளை கொண்டு வருபவர் ரகசிய எண் கேட்பார். பத்து ஆட்டங்களில் ஒன்று இப்படித் தடைப்படும் என்று வைத்தால், அடுத்த பத்தில் ஒரு தடவையாவது தடைப்படுவதற்கு எவ்வளவு வாய்ப்பு? 0.9ஐப் பத்து முறை பெருக்கி 1இலிருந்து கழித்துப் பாருங்கள். 65 விழுக்காடு வரும். தனக்கென்று கணிப்பொறியும் இன்வெர்ட்டரும் உள்ள பிள்ளைக்கு இந்தத் தொல்லை இல்லை. ஆக, ஒழுக்கத்தை அளக்கிறேன் என்று புறப்பட்ட கருவி, சில சமயம் வீட்டு வசதியை அளந்துவிட்டு வந்து நிற்கிறது.

அப்படியானால் 'கரண்டு போய்விட்டது' என்பவர்களை எல்லாம் மன்னித்துவிடலாமா? மன்னித்தால் மறுநாள் முதல் தோற்பவர் அனைவர் வீட்டிலும் கரண்டு போகும்! இங்கேதான் நம் இயற்பியல் உதவிக்கு வருகிறது.

மின்வெட்டுக்கு ஸ்கோர் தெரியாது. நீங்கள் வென்று கொண்டிருந்தாலும் தோற்றுக் கொண்டிருந்தாலும் அது ஒரே மாதிரிதான் வரும். பெரியம்மாவுக்கும் தெரியாது. ஆகவே உங்கள் இணைப்பு உண்மையிலேயே தற்செயலாக அறுகிறது என்றால், வெல்லும் ஆட்டங்களிலும் தோற்கும் ஆட்டங்களிலும் ஏறக்குறையச் சமமாக அறுந்திருக்க வேண்டும். ஒருவருடைய இணைப்பு பத்து முறை அறுந்தது. அவற்றில் ஒன்பதோ பத்தோ தோற்கும் தருவாயில் அறுந்தன என்று வைத்துக் கொள்வோம். ஒரு நாணயத்தைப் பத்து முறை சுண்டினால் ஒன்பதோ பத்தோ தலை விழுவதற்கு வாய்ப்பு என்ன? 1024இல் 11. நூற்றுக்கு ஒன்றுதான். அந்த ஒன்றை நம்புவதைவிட, விரல்தான் இணைப்பை அறுத்தது என்று நம்புவது எளிது.

இதில் ஒரு சிக்கல் உண்டு என்பதையும் சொல்லிவிட வேண்டும். சிக்னல் மோசமானால் முதலில் ஆட்டம் தடுமாறும்; அதனால் தோற்கத் தொடங்குவோம்; பிறகே இணைப்பு அறும். அப்போது நேர்மையானவர் கணக்கிலும் 'தோற்கும்போது அறுந்தது' கூடுதலாக விழும். எனவே அறுவதற்கு முந்தைய இரண்டு நிமிடத்தில் சிக்னல் எப்படி இருந்தது என்பதையும் சேர்த்துப் பார்க்க வேண்டும். திரையின் மூலையில் அந்த எண் ஓடிக் கொண்டுதான் இருக்கிறது. கணிப்பொறிக்கும் அது தெரியும். தெரிந்த செய்தியைப் பயன்படுத்தாமல் எல்லோருக்கும் ஒரே தண்டனை கொடுப்பது சோம்பேறித்தனம் என்பேன்.

கணக்கைப் பாழாக்குவதில் நமக்கும் பங்கு உண்டு. 'ரிப்போர்ட்' பொத்தானைச் சொல்கிறேன். தோற்றவுடன் ஆத்திரத்தில் கூட்டாளிமீதும் எதிரிமீதும் அதை அழுத்துவது பலருக்குப் பழக்கமாகிவிட்டது. ஆய்வகத்தில் திருகு அளவியின் சுழிப் பிழையைப் பார்க்காமல் நூறு முறை அளந்தாலும் விடை தவறாகவே வரும் என்று படித்திருக்கிறீர்கள். தோற்கும்போது மட்டும் அழுத்தப்படும் பொத்தானும் அப்படிப்பட்ட பிழைதான். உண்மையில் வசை பேசியவனைப் பற்றிய புகார் இந்தக் குப்பைக்கு அடியில் புதைந்து விடுகிறது. பெண் பிள்ளைகள் பலர் மைக்கைத் திறப்பதே இல்லை. குரல் கேட்டவுடன் என்ன பேச்சு வரும் என்று அவர்களுக்குத் தெரியும். தமிழில் திட்டினால் நாக்பூர்க்காரருக்குப் புரியாது என்று நினைப்பவர்கள் குரலின் தொனிக்கு மொழிபெயர்ப்பு தேவையில்லை என்பதை மறந்துவிடுகிறார்கள். புகார்கள் உண்மையாக இருந்தால்தான் இத்தகையவர்களை இயந்திரத்தால் பிரித்தெடுக்க முடியும்.

பெயர் கெட்டால் என்ன, புதுக் கணக்குத் தொடங்கிக் கொள்ளலாமே என்று சிலர் கேட்கக்கூடும். இதற்கும் விலை உண்டு. மைக்ரோசாஃப்ட் நிறுவனத்தார் அணி ஆட்டங்களுக்காக உருவாக்கிய 'ட்ரூஸ்கில்' என்ற முறையில், புதியவரின் திறமை 25 என்றும், அந்த மதிப்பீட்டின் ஐயப்பாடு ஏறத்தாழ 8.33 என்றும் தொடங்குவார்கள். தரவரிசையில் காட்டுவது திறமையிலிருந்து ஐயப்பாட்டின் மூன்று மடங்கைக் கழித்த எண். 25இலிருந்து 25 போனால் சுழி! புதியவர் மோசமானவர் என்று இதற்குப் பொருளல்ல. அவரைப் பற்றி நமக்கு இன்னும் ஒன்றும் தெரியாது என்று பொருள். ஓடிப் போனவர்கள் புதுப் பெயரில் வந்து கொண்டே இருந்தால், உண்மையிலேயே புதிதாக வரும் பிள்ளைகளையும் யாரும் நம்ப மாட்டார்கள். ஃப்ரீட்மன், ரெஸ்னிக் என்ற இருவர் 2001இல் இதையே ஆராய்ந்து எழுதினார்கள்: மலிவாகக் கிடைக்கும் புனைபெயர்களின் செலவைப் புதியவர்கள் கட்டுகிறார்கள்.

நீங்கள் செய்யக்கூடியது அதிகமில்லை. ஆனால் கொஞ்சம் இருக்கிறது. ஆட்டம் முடியும்வரை செல்போன் உங்கள் கையில் இருக்குமா என்று அம்மாவிடம் முன்கூட்டியே கேட்டுவிடுங்கள். இல்லை என்றால், மூன்று பேரை நடுவில் விடத் தேவையில்லாத தனி ஆட்டம் ஆடுங்கள். போக வேண்டி வந்தால் ஒரு வரி சொல்லிவிட்டுப் போங்கள். இயந்திரம் அதைக் கணக்கில் எடுக்காமல் இருக்கலாம். மூன்று மனிதர்கள் எடுப்பார்கள்.

நிறுவனங்கள் செய்ய வேண்டியதுதான் அதிகம். அம்பத்தூர் தொழிற்பேட்டையில் ஒரு சிறிய லேத் பட்டறை வைத்திருப்பவரைக் கேட்டுப் பாருங்கள். உங்கள் அப்பாவோ மாமாவோ கூட அப்படி ஒருவராக இருக்கலாம். பெரிய கம்பெனிக்கு அவர் அனுப்பிய சரக்கில் பத்து உருப்படிகள் திரும்பி வந்தால், கூடவே ஒரு சீட்டும் வரும். விட்டம் கூடுதல், மரை சரியில்லை என்று காரணம் அதில் எழுதியிருக்கும். தவறு தம்முடையது என்றால் திருத்திக் கொள்வார். இல்லை என்றால் அளவுக் கருவியோடு போய் வாதாடுவார். செல்போன் ஆட்டத்திலோ இத்தனை புள்ளி குறைந்தது என்று வருகிறதே தவிர, எந்த நிமிடத்தில், எந்தச் சான்றின் பேரில் என்ற விவரம் போதிய அளவு வருவதில்லை. பட்டறைக்காரருக்குக் கொடுக்கும் மரியாதையைப் பள்ளி மாணவனுக்கும் கொடுக்க வேண்டும்.

அதுவரை அந்தச் சீட்டை நீங்களே எழுதிக் கொள்ளலாம். ஒரு பழைய நோட்டில் ஐந்து பத்திகள் போடுங்கள்: நாள், முழுதாக ஆடினேனா, நின்றபோது வென்று கொண்டிருந்தேனா தோற்றுக் கொண்டிருந்தேனா, காரணம், குறைந்த புள்ளி. தீபாவளி முதல் பொங்கல் வரை, மழைக்காலம் முழுவதும் குறித்து வையுங்கள். வகுப்பில் பத்துப் பேர் சேர்ந்து செய்தால் இன்னும் நல்லது. மூன்றாவது பத்தியை எண்ணும்போது மட்டும் பக்கத்தில் நண்பர் ஒருவரை வைத்துக் கொள்ளுங்கள். எண்ணி முடித்ததும் முடிவை இந்த இதழுக்கு எழுதி அனுப்புங்கள்.